நிலாவில் விழுந்த ஒடுக்குகள்

தாராவியில் சயான் பக்கத்து முனையில், தோல் கிடங்கின் மதிலை ஒட்டி, நாலு தகரத்தைச் சாய்த்துப் போட்ட ஒரு கொட்டகை இருந்தது. பெயர்ப்பலகை கிடையாது. ஆனால் தாதரிலிருந்து செம்பூர் வரைக்கும் எந்த டாக்ஸி டிரைவரிடம் கேட்டாலும், "ஒடுக்கு எடுக்கிற பாய்தானே?" என்று வழி சொல்லிவிடுவார்கள். ஜெயினுலாப்தீன் என்று முழுப் பெயரைச் சொல்லிக் கேட்டால்தான் யாரோ எவரோ என்று முழிப்பார்கள்.

கடையநல்லூர்க்காரர். பதினாறு வயதில் போரிபந்தர் ஸ்டேஷனில் வந்து இறங்கி, பைக்குலாவில் ஒரு கார் பட்டறையில் தண்ணீர் சுமந்தார். அங்கே அவருக்கு யாரும் தொழில் சொல்லிக் கொடுக்கவில்லை. சுத்தியலைத் தொட்டால் திட்டுத்தான் கிடைத்தது. பழைய இரும்புக் கடையிலிருந்து உருப்படாத மட்கார்டுகளைத் தூக்கி வந்து, ஞாயிற்றுக்கிழமைகளில் தானே அடித்து ஒடுக்கு உண்டாக்கி, தானே அதை எடுத்துப் பழகினார். முதல் வருஷம் எடுத்ததைவிட உண்டாக்கியதுதான் அதிகம் என்று அவரே சொல்லிச் சிரிப்பார். 1965ஆம் வருஷம் அவருக்கு வயது முப்பத்தாறு. அதற்குள் அவர் கை படாத டாக்ஸி அந்தப் பக்கத்தில் குறைவு.

சுத்தியலை எடுப்பதற்கு முன் அவர் வண்டியைப் படிப்பார். தமிழ் எழுத்தை ஒவ்வொன்றாகக் கூட்டித்தான் அவருக்குப் படிக்க வரும்; ஆனால் தகரத்தை மடமடவென்று வாசித்துவிடுவார். அகலமாக, ஆழமில்லாமல் அமுங்கியிருந்தால் எருமை. சின்னதாக, ஆழமாக இருந்தால் கைவண்டியின் கைப்பிடிக் கட்டை. நீளமாக இழுத்திருந்தால் பஸ். ஒன்றன்மேல் ஒன்றாக இரண்டு அடி விழுந்திருந்தால் எது முதலில் விழுந்தது, எது பிறகு விழுந்தது என்றும் சொல்வார். பிந்தி விழுந்த அடி முந்தி விழுந்ததன் விளிம்பைத் தின்றிருக்கும், அவ்வளவுதான் கணக்கு. இதனால் டாக்ஸி முதலாளிகளுக்கும் டிரைவர்களுக்கும் தகராறு வந்தால் வண்டி நேராகக் கொட்டகைக்கு வந்துவிடும். "இது பழைய அடி" என்று பாய் சொன்னால் டிரைவர் தப்பித்தான். "புது அடி" என்றால் டிரைவர் தலையைச் சொறிந்துகொண்டு நிற்பான். அதற்கு மேல் பேச்சு கிடையாது. எழுதி வைக்காத வழக்கம் அது.

கொட்டகைக்குள் பகலிலும் இருட்டு. மின்சாரக் கம்பியின் நுனியில் ஒரே ஒரு பல்பு. அதை மேலே தொங்கவிட முடியாது. மழைக்காலத்தில் தகரத்து ஓட்டை வழியாக ஒரு சொட்டு விழுந்தால் சூடான பல்பு பட்டென்று வெடித்துவிடும். அதனால் காலிப் பெயின்ட் டப்பாவுக்குள் பல்பை வைத்துத் தரையில் கிடத்தியிருந்தார். மழை நின்ற மாதங்களிலும் அது தரையிலேயேதான் கிடந்தது. பன்னிரண்டு வருஷமாக அவர் பார்த்த ஒடுக்கெல்லாம் கீழேயிருந்து வெளிச்சம் வாங்கிய ஒடுக்குகள்.

அந்த ஜூலை மாதக் கடைசியில் நல்ல மழை. செம்பூரில் குடியிருந்த வானமாமலை தன் பழைய மாரிஸ் மைனர் காரைக் கொண்டுவந்து விட்டிருந்தார். டிராம்பே அணு ஆராய்ச்சி நிலையத்தில் வரைபடம் போடுகிறவர். கதவில் பஸ் உரசியிருந்தது. வேலை எவ்வளவு தூரம் ஆயிற்று என்று பார்க்க வந்தவர், மெழுகுத் தாளில் சுற்றி ஒரு வெளிநாட்டுப் பத்திரிகையும் கொண்டுவந்தார். கொட்டகையில் மழைக்கு ஒதுங்கிய நாலைந்து டிரைவர்கள் டீ குடித்துக்கொண்டிருந்தார்கள். நாலு டாக்ஸிக்கு முதலாளியான கணேசபாண்டியனும் இருந்தார். அவருடைய டிரைவர் இசக்கியும் இருந்தான்.

"பாய், இதப் பாருங்கோ. உங்க தொழில் சமாசாரம்தான்" என்று வானமாமலை ஒரு பக்கத்தை விரித்தார். பக்கம் முழுக்க ஒரே படம். சாம்பல் நிறத்தில் வட்டம் வட்டமாக, பெரிசும் சிறிசுமாக.

ஜெயினுலாப்தீன் கையைத் துடைத்துக்கொண்டு குனிந்தார். "என்ன வண்டி சார் இது? இந்த அடி வாங்கியிருக்கு?"

"நிலா. போன வருஷம் ஒரு யந்திரம் நிலாவில போய் மோதித்து. நொறுங்கறதுக்கு முன்னாடி எடுத்து அனுப்பின படம்."

இசக்கி எட்டிப் பார்த்தான். "அரே, நம்ம சயான் ரோட்டைவிட மோசமால்லா இருக்கு! காண்டிராக்டர் யாரு சார்?"

எல்லோரும் சிரித்தார்கள். பாய் சிரிக்கவில்லை. தாளைத் தூக்கிப் பிடித்தார், கண்ணுக்குக் கிட்டே கொண்டுவந்தார், தள்ளிப் பிடித்தார். பிறகு, எந்த வண்டிக்கும் சொல்வதுபோல நிதானமாகத் தீர்ப்புச் சொன்னார்.

"இது வெளியிலேருந்து விழுந்த அடி இல்ல சார். உள்ளேருந்து தட்டினது. அம்புட்டும் மேடு. எவனோ உள்ள உக்காந்து சுத்தியல் வச்சுத் தள்ளியிருக்கான்."

கணேசபாண்டியன் டீ கிளாசைக் கீழே வைத்தார். "என்ன வே சொல்லுதீரு? எனக்குப் பள்ளமால்லா தெரியுது."

"எனக்கும் பள்ளம்தான் பாய்" என்றான் இசக்கி.

"உங்களுக்குப் பார்க்கத் தெரியாது. நிழலைப் பாருங்க. மேல் பக்கம் நிழல், கீழ்ப் பக்கம் வெளிச்சம். மேடு இல்லாம வேற என்ன?"

வானமாமலைக்கு முகம் மலர்ந்தது. "பாய், வெளிச்சம் எங்கேர்ந்து வர்றதுன்னு வச்சுண்டு சொல்றேள்?"

"கீழேருந்து."

"கீழேர்ந்துன்னு யார் சொன்னா?"

"விளக்கு எப்பவும் கீழதானே சார் இருக்கும்?"

சொல்லி முடித்த பிறகுதான் அவருக்கே காதில் விழுந்தது. பெயின்ட் டப்பாவைத் திரும்பிப் பார்த்தார். மற்றவர்களும் பார்த்தார்கள். பிறகு கிளம்பிய சிரிப்பில் மழைச் சத்தம் கேட்கவில்லை.

வானமாமலை பத்திரிகையைத் தலைகீழாகத் திருப்பினார். "இப்போ?"

ஜெயினுலாப்தீன் மூச்சை இழுத்தார். மேடெல்லாம் ஒரே அடியில் பள்ளமாகிவிட்டது. "இப்பச் சரியா இருக்கு. எல்லாம் ஒடுக்கு."

"அய்யய்யோ, இப்ப எனக்கு மேடாத் தெரியுதே!" என்று அலறினான் இசக்கி. கொட்டகை மறுபடியும் அதிர்ந்தது.

"சூரியன் இந்தப் படத்துக்கு மேல் பக்கம் இருக்கு, பாய். அதனால பள்ளம்தான்" என்றார் வானமாமலை. "ஆனா ஒண்ணு. உள்ளேர்ந்து வந்ததுன்னு சொல்றவா இன்னும் இருக்கா. அதெல்லாம் எரிமலை வாய்ங்கறா. பெரிய படிப்புப் படிச்சவாளே சண்டை போட்டுண்டிருக்கா. நீங்க தனியா இல்லே."

அந்த ஆறுதல் யார் காதிலும் ஏறவில்லை. கணேசபாண்டியன் கதையை அன்றே தாதர் டாக்ஸி ஸ்டாண்டுக்குக் கொண்டு போய்விட்டார். "பாய்கிட்ட வண்டியை விடாதீங்கடே. உள்ள போன ஒடுக்கை மேடுன்னு சொல்லி இன்னும் உள்ள தள்ளிருவாரு." இரண்டு நாளில் செம்பூர் வரைக்கும் போயிற்று. கொட்டகைக்கு வந்தவர்கள் பல்பைப் பார்த்துவிட்டுச் சிரித்தார்கள். "மேலயா பாய், கீழயா?" என்று கேட்டுவிட்டுத்தான் வண்டியை நிறுத்தினார்கள்.

கேலி அவரை உறுத்தவில்லை. தான் ஏமாந்தது எப்படி என்பதுதான் உறுத்தியது. பத்திரிகையை ஒரு வாரம் இரவல் கேட்டு வாங்கி வீட்டுக்குக் கொண்டுபோனார். ஞாயிற்றுக்கிழமை காலையில் அவர் மனைவி மெஹராஜ் ரொட்டிக்கு எடுத்து வைத்திருந்த மாவைத் தாம்பாளத்தில் பரப்பி, உயரத்திலிருந்து கல்லைப் போட ஆரம்பித்தார்.

"என்ன வேலை இது? அது திங்கிற மாவு!"

"இரு. நிலாவைப் பார்த்துக்கிட்டு இருக்கேன்."

"நிலாவுல கல்லு விழுந்தா நாம மண்ணைத் திங்கணுமா?" என்று அவள் கேட்டாள். ஆனாலும் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தாள். எட்டாவது வரை படித்தவள். தினமும் பேப்பரை அவருக்கு வாசித்துக் காட்டுகிறவள் அவள்தான். பெரிய கல் விழுந்தபோது மாவு விளிம்பு கட்டி எழும்பியது. அந்த விளிம்பின்மேல் சின்னக் கல்லைப் போட்டால் விளிம்பு உடைந்தது. படத்திலும் அப்படியே இருந்தது. உடைந்த விளிம்பு முந்தியது, உடைத்தது பிந்தியது. பாதிப் பரப்பில் அவர் புதிதாக மாவு தூவி மூடினார். அந்த இடம் வழவழவென்று ஆயிற்று. மறுபடி இரண்டு கல் போட்டார். மூடாத பாதியில் எண்ண முடியாத பள்ளம். மூடிய பாதியில் இரண்டே இரண்டு.

"ஆக, ஒடுக்கு குறைஞ்ச இடம் புது இடம்" என்றார்.

"இல்லாட்டி யாரோ மூடி மறைச்ச இடம்" என்றாள் மெஹராஜ். "வண்டி விக்கிறவன் பட்டி பூசுற மாதிரி."

அவர் நிமிர்ந்தார். ஒடுக்கைத் தட்டி எடுக்கச் சோம்பல்பட்டு, பட்டி என்கிற பசையை அப்பிக் காயவைத்து, தேய்த்து, மேலே பெயின்ட் அடித்துவிடுவது ரோட்டோரப் பட்டறைகளின் வேலை. அவர் அதைத் தொடுவதில்லை.

"நீங்க வண்டி பார்க்கையில என்னைக்காவது விளக்கைத் தூக்கிப் பிடிச்சிருக்கீங்களா?" என்று அவள் சாதாரணமாகத்தான் கேட்டாள்.

அன்று முழுக்க அவருக்கு அதே யோசனை. கீழே கிடக்கும் விளக்குக்குத் தெரியாதது எத்தனை வண்டியில் இருந்திருக்கும்?

வானமாமலை தன் காரை எடுக்க வந்த அன்று பேப்பர் துண்டு ஒன்றைக் காட்டினார். செவ்வாய்க் கிரகத்துக்குப் பக்கத்தில் போன யந்திரம் அனுப்பிய படம். மங்கலாகத்தான் இருந்தது.

பாய் முதலில் கேட்டது, "சூரியன் எந்தப் பக்கம் சார்?" என்றுதான். வானமாமலை காட்டினார். "அப்ப இதுவும் ஒடுக்கு."

"ஆமா. இத்தனை நாளா அங்கே கால்வாய் வெட்டியிருக்கா, விவசாயம் நடக்கறதுன்னெல்லாம் கதை. கடைசியில பார்த்தா நிலா மாதிரி குழி. முந்நூறு, நானூறு கோடி வருஷம் பழசா இருக்கலாம்ங்கறா."

"அவ்வளவு நாளா யாரும் பட்டி பார்க்கலையா?"

வானமாமலை சிரித்தார். பிறகு யோசித்துப் பார்த்துவிட்டு, "அதேதான்" என்றார். "சூரியனைச் சுத்தி இந்தக் கிரகமெல்லாம் உருவான காலத்தில கல்லும் பாறையுமா மிச்சம் நிறையச் சுத்திண்டிருந்துது. அதெல்லாம் எல்லார் மேலயும் விழுந்துது. பூமி மேலயும்தான். ஆனா நமக்கு மழை இருக்கு, ஆறு இருக்கு, காத்து இருக்கு. அடியில நெருப்பு வேற. எல்லாம் சேர்ந்து தேய்ச்சு, மூடி, புதுசாக்கிடறது. நிலாவில மழை ஏது? விழுந்தது விழுந்தபடி கிடக்கு. நம்ம பழைய கணக்கு நம்மகிட்ட இல்லே, பாய். அங்கே போய்த்தான் பார்க்கணும்."

"நிலாவுல கறுப்பாத் தெரியுதே, முயல் மாதிரி, அது?"

"பாறை உருகி ஓடிப் பரவின இடம். அங்கே குழி குறைச்சல்."

"பிந்தி வந்தது" என்றார் பாய். "ஆனா அதுக்கு அடியில பழைய ஒடுக்கு கிடக்கும்."

வானமாமலை அவரைக் கொஞ்சம் உற்றுப் பார்த்தார். "படத்தில சில இடத்தில விளிம்பு மட்டும் லேசா வெளியில தெரியறது. உள்ளே மூழ்கிப் போன குழியோட விளிம்பு. நீங்க சொன்ன மாதிரிதான்."

ஆகஸ்ட் இரண்டாவது வாரத்தில் ஒரு நாள் காலை, கணேசபாண்டியனின் குரல் கொட்டகைக்கு முன்னால் வந்தது. வண்டி பிறகுதான் வந்தது. இசக்கி ஓட்டுகிற ஃபியட். இடது பக்கப் பின் மட்கார்டில் தேங்காய் மூடி கவிழ்த்த அளவுக்கு ஓர் ஒடுக்கு.

"மூணாவது!" என்றார் கணேசபாண்டியன். அவர் வண்டிகளுக்கு ஒரு சட்டம் இருந்தது. வருஷத்தில் மூன்று ஒடுக்கு விழுந்தால் டிரைவர் சாவியைக் கொடுத்துவிட்டுப் போகவேண்டும். அந்த வருஷம் ஏப்ரலில் வேலைக்கு வந்த இசக்கி, குர்லாவில் ஒரு மாட்டின்மேலும் சயானில் ஒரு லாரியின்மேலும் ஏற்கெனவே தலைக்கு ஒன்று வாங்கியிருந்தான்.

"நான் இடிக்கலை அண்ணாச்சி. நேத்து சயான்ல முட்டளவு தண்ணியில ஓட்டிட்டு வந்தேன், அவ்வளவுதான். காலையில பார்த்தா இருக்கு."

"அப்ப ஆகாசத்துலேருந்து விழுந்துச்சாக்கும்?"

"நிலாவுல விழலையா?" என்று சொல்லிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டான் இசக்கி.

அவன் கேலி பேசும் நிலையில் இல்லை. வள்ளியூரிலிருந்து அவன் மனைவி செண்பகவல்லி அடுத்த வியாழக்கிழமை வருவதாக இருந்தது. கல்யாணமாகி ஒன்றரை வருஷத்தில் முதல் தடவை பம்பாய்க்கு வருகிறாள். அவன் ஓர் அறை பிடித்து, ஸ்டவ் வாங்கி வைத்திருந்தான். சாவி போனால் அறையும் போகும். அவளை வரவேண்டாம் என்று தந்தி அடிக்கவேண்டும். கொட்டகைக்கு வரும் எல்லோருக்கும் இது தெரியும். அவன்தான் எல்லோரிடமும் சொல்லியிருந்தானே.

"பாய் பார்த்துச் சொல்லட்டும் அண்ணாச்சி" என்றான். "அவரு புது அடின்னு சொன்னா நானே சாவியை வச்சிருதேன்."

"பள்ளம் எது, மேடு எதுன்னு தெரியாத ஆளு! அவரு சொல்லி நான் கேக்கணுமா?" கணேசபாண்டியன் சுற்றி நின்றவர்களைப் பார்த்தார். யாரோ ஒருவன் சிரித்தான். "இந்த வண்டியை நான் வாங்குறப்ப ஒரு பொட்டு ஒடுக்கு கிடையாது. மொழுமொழுன்னு இருந்துச்சு. ஏன், நீரே பார்த்து நல்ல வண்டின்னு சொன்னீரா இல்லையா?"

"சொன்னேன்" என்றார் ஜெயினுலாப்தீன். ஒன்றரை வருஷத்துக்கு முன். இதே இடத்தில்.

அவர் பல்பை டப்பாவிலிருந்து எடுத்தார். "இசக்கி, இதைத் தலைக்கு மேல தூக்கிப் பிடி. ஓட்டைக்கு நேரா நிக்காதே."

முதலில் மேலேயிருந்து பார்த்தார். பிறகு கீழேயிருந்து, பிறகு இடம், வலம். துணியால் சேற்றைத் துடைத்துவிட்டு மறுபடி நாலு பக்கமும். கால் மணி நேரம் போயிருக்கும். இசக்கி பல்பைக் கை மாற்றிப் பிடித்தான். கணேசபாண்டியனே அலுத்துப் போய் உட்கார்ந்துவிட்டார்.

"அண்ணாச்சி, இங்க வாங்க. இந்த ஒடுக்கோட ஓரத்துல ஒரு வெட்டு தெரியுதா? பாதி வட்டமா?"

"அது கைவண்டி இடிச்சது. பொங்கலுக்குக் கரும்பு வாங்கப் போனப்ப, தாதர்ல. நான் வண்டிக்குள்ளதான் இருந்தேன். இறங்கி அவனை வெளுத்து வாங்கினேனே."

"அன்னைக்கு இது பாதி வட்டமா, முழு வட்டமா?"

"முழு வட்டம். எட்டணாக் காசு வச்சு அமுக்கின மாதிரி."

"மத்த பாதி எங்க போச்சு?"

கணேசபாண்டியன் குனிந்து பார்த்தார். "பெரிய அடி பிந்தி விழுந்து அதைத் தின்னிருக்கும். நீர்தான வே அப்படிச் சொல்லுவீரு?"

"நல்ல கேள்வி. தின்னிருந்தா வெட்டோட வாய் உள் பக்கமா இழுத்துக்கிட்டுப் போயிருக்கும். தொட்டுப் பாருங்க. கத்தியால நறுக்கின மாதிரி நிக்குது. மத்த பாதி தகரத்துமேல விழவே இல்லை. பட்டிமேல விழுந்திருக்கு. நேத்துத் தண்ணியில ஊறிப் பட்டி கழண்டு போச்சு, அதோட அந்தப் பாதியும் போச்சு." ஒடுக்கின் அடியை நகத்தால் சுரண்டிக் காட்டினார். உப்புத்தாள் தேய்த்த கீறல்கள் தெரிந்தன; கீறல்களுக்குள் வெளுத்த மஞ்சள் பொடி. "இது பட்டிதான். ஆகப் பொங்கலுக்கே பட்டி இங்க இருந்திருக்கு. பட்டிக்கு முன்னால ஒடுக்கு. இசக்கி வந்தது ஏப்ரல்ல."

சுற்றி நின்றவர்கள் ஒருவர் தோள்மேல் ஒருவர் சாய்ந்து பார்த்தார்கள். இசக்கி பல்போடு குதிக்கப் பார்த்தான். "ஆட்டாதடே!" என்று யாரோ அதட்டினார்கள்.

கணேசபாண்டியன் முழங்காலில் தட்டிக்கொண்டு எழுந்தார். "இப்பப் புரியுது. இது அய்யாத்துரை பய வேலை! இவனுக்கு முந்தி ஓட்டினவன். இடிச்சிட்டு எங்கேயோ கமுக்கமாப் பட்டி பார்த்திருக்கான். அதான் பாண்டுப்புக்கு ஓடிட்டான்."

எல்லோரும் தலையை ஆட்டினார்கள். இசக்கியின் சாவி தப்பித்தாயிற்று. அய்யாத்துரை அங்கே இல்லை. பாய் அத்தோடு விளக்கை டப்பாவுக்குள் வைத்திருக்கலாம். அவரை யாரும் வேறெதுவும் கேட்கவில்லை.

"அய்யாத்துரையும் இல்லை அண்ணாச்சி" என்றார் அவர்.

"பின்ன?"

"அடியில இன்னும் ஒண்ணு இருக்கு. பட்டிக்குக் கீழே பாருங்க. என்ன கலர்?"

கணேசபாண்டியன் கண்ணைச் சுருக்கினார். கீறல்களுக்கு நடுவே அங்கங்கே திட்டுத்திட்டாக வானநீலம்.

"டாக்ஸிக்கு எது நீலம்? இது ஒருத்தர் வீட்டுக் காரா இருந்தப்பப் பட்ட அடி. பட்டி பூசி, அதுக்கப்புறம்தான் கறுப்பு அடிச்சு டாக்ஸியாக்கி உங்களுக்கு வித்திருக்கான். டாக்ஸியானப்புறம் பட்ட அடின்னா அடியில கறுப்பு இருக்கணும்; துளிக் கறுப்பு கிடையாது." அவர் தரையில் கிடந்த டப்பாவைத் திரும்பிப் பார்த்தார். "அன்னைக்கு வண்டியைப் பார்த்து நல்ல வண்டின்னு சொன்னது நான். விளக்கு கீழ கிடந்துச்சு. பட்டியோட ஓரம் மேல் பக்கம் மயிரிழை தடிச்சிருந்திருக்கு. கறுப்புப் பெயின்ட்ல நிழல் தெரியாது. விளக்கைத் தூக்கியிருந்தாப் பளிச்சுன்னு கோடு விழுந்திருக்கும். விரலால தட்டியிருந்தாலும் சத்தம் சொல்லியிருக்கும். என் கண்ணை நம்பித் தட்டலை. தப்பு என்னுது."

ஒரு வார்த்தையில் தகராறு தீர்த்துவைக்கிற ஆள் அவர். அந்த வார்த்தையையே எடுத்துத் தரையில் போட்டிருந்தார். நாளையிலிருந்து இந்த முனையில் அவர் வெறும் சுத்தியல்காரராகிவிடலாம் என்பது அவருக்குத் தெரிந்தது.

கணேசபாண்டியன் மட்கார்டையும் அவரையும் மாறிமாறிப் பார்த்தார்.

"அப்ப ஒன்றரை வருஷமா, என் வண்டி மொழுமொழுன்னு இருக்குன்னு நான் ஊரெல்லாம் பீத்திக்கிட்டுத் திரிஞ்சேனே?"

"பட்டியைத்தான் பீத்தியிருக்கீங்க அண்ணாச்சி" என்றான் இசக்கி, பல்பைப் பிடித்தபடியே.

முதலில் சிரித்தது கணேசபாண்டியன்தான். அவர் சிரித்த பிறகு மற்றவர்கள் சிரிக்கத் தைரியம் வந்தது. "என்ன வே பாய், நிலாவைப் பார்த்துப் பார்த்து என் மானத்தை வாங்கிட்டீரே!" என்றார். வண்டியிலிருந்த சாவியை எடுத்து இசக்கியின் சட்டைப் பையில் போட்டார். "ரெண்டுதான் உன் கணக்கு. இன்னும் ஒண்ணு பாக்கி இருக்கு, ஞாபகம் வச்சுக்கோ." பிறகு குரலைத் தாழ்த்தி, "மத்த மூணு வண்டியும் உம்ம கையால பார்த்து வாங்கினதுதான். அதையும் ஒரு தடவை விளக்கைத் தூக்கிப் பிடிச்சுப் பார்த்திரும்" என்றார்.

மறுநாள் இரண்டு வண்டிகள் வந்தன. முதல் வண்டியில் ஒன்றுமில்லை. இரண்டாவதில் பானெட்டில் ஒன்று, கதவில் ஒன்று, கூரையில் சாப்பாட்டுத் தட்டு அகலத்துக்கு ஒன்று எனப் பட்டி அகப்பட்டது. பாய் ஒவ்வொன்றையும் விரலால் தட்டிச் சத்தம் காட்டினார். கணேசபாண்டியன் காதைப் பொத்திக்கொண்டார். நாலாவது வண்டியைக் கடைசி வரைக்கும் அவர் கொண்டுவரவே இல்லை. "அது ஒண்ணாவது நல்லா இருக்குன்னு நான் நெனச்சுக்கிடுதேன், விடும் வே" என்றார்.

தகராறுகள் வருவதும் நிற்கவில்லை. வருகிறவர்கள் விளக்கைத் தாங்களே தூக்கிப் பிடித்து, அவர் காட்டுவதைத் தாங்களும் பார்க்கவேண்டும் என்று கேட்டார்கள். பாய்க்கு அது பிடித்துத்தான் இருந்தது. வேலை மட்டும் இரண்டு மடங்கு நேரம் பிடித்தது. ஆளாளுக்கு ஒரு கருத்துச் சொன்னார்கள்.

வியாழக்கிழமைக்குள் அவர் அந்த மட்கார்டைப் பட்டியில்லாமல் உள்ளேயிருந்து தட்டி எடுத்துவிட்டார். பெயின்ட் காய மழை விடவில்லை. செந்நிறத்தில் அடிப்பூச்சு மட்டும் பூசி வண்டியைக் கொடுத்தார். தாதர் ஸ்டேஷனில் பெட்டியும் முறுக்கு டின்னும் ஒரு பாய்ச்சுருளுமாக இறங்கிய செண்பகவல்லி, கறுப்பு வண்டியைச் சுற்றி வந்து அந்தச் சிவப்புத் திட்டுக்கு முன்னால் நின்றாள்.

"இது என்ன? எங்க கொண்டுபோய் இடிச்சீங்க?"

"அது நான் வர்றதுக்கு முந்தியே விழுந்தது" என்று இசக்கி கதவைத் திறந்துவிட்டான். "நம்பிக்கை இல்லைன்னா சொல்லு. வீட்டுக்குப் போற வழியில ஒரு ஆளு இருக்காரு, விளக்கைத் தூக்கிப் பிடிச்சு உனக்கே காட்டுவாரு."

"முதல்ல வீட்டைக் காட்டுங்க" என்று அவள் ஏறி உட்கார்ந்தாள்.